மக்களை மக்கள் அளக்கும் அளவை

சைவசித்தாந்த நூல்களைக் கற்கப் புகுவோர் முதற்கண் அளவையியலை ஓதுதல் மரபு. ஒரு பொருளை அறியுங் கருவி யாது, அக்கருவியாற் பெற்ற அறிவு மெய்யோ பொய்யோ என்று துணிந்த பின்னரே அப்பொருளின் இயல்பை ஆராய்தல் முறையாகலின், சிவஞானசித்தியாரும் அளவையையே முன்வைத்தது. அங்கே அளவைகள் பலவும் எண்ணப்பட்டு, முடிவில் காண்டல், கருதல், உரை என்னும் மூன்றனுள் ஏனையவெல்லாம் அடங்குமென்று கொள்ளப்படும். பதி பசு பாசங்களை அறிதற்கு வகுத்த இக்கருவிகளை, நாடோறும் வீட்டிலும் வீதியிலும் நாம் செய்துவரும் ஒரு சிறு காரியத்தின்மேல் வைத்துப் பார்ப்பது இவ்வுரையின் நோக்கம். அக்காரியமாவது, ஒருவரைக் கண்டவளவிலே 'இவர் நமக்கு மேலோ, கீழோ, ஒப்போ' என்று மனத்துள் அளந்துகொள்ளுதல்.

சுன்னாகம் சந்தையில் முன்பின் அறியாத ஒருவர் எதிரே வருகின்றார் என்க. கண் காண்பது யாது? ஆளென்பதும், ஆணென்பதும், நரைதிரையால் முதியரென்பதும், நிறமும் உடையுமே. உயர்வு தாழ்வு என்பதொன்றைக் கண் காண்பதில்லை. காணுமாயின், நேற்று விமானத்தில் வந்திறங்கிய பிறநாட்டானுக்கும் அது தோன்றல் வேண்டும், அவனுக்குத் தோன்றுவதில்லை. ஆகவே அது கருதலளவையாற் பெறப்படுவது. புகையைக் கண்டு நெருப்பு உண்டென்பதுபோல, ஏதோ ஓர் அடையாளத்தைக் கண்டு மேன்மை உண்டென்கின்றோம். அடையாளம் அகப்படாவிடத்து உரையளவையைத் துணைக்கொண்டு பக்கத்தில் நிற்பவரைக் கேட்கின்றோம். புகைக்கும் நெருப்புக்கும் உள்ள தொடர்பு இயற்கை. தோளிற் கிடக்குஞ் சால்வைக்கும் அதனையுடையவரின் மேன்மைக்கும் உள்ள தொடர்போ, நாமே முடிந்துவைத்த முடிச்சு. முடிச்சை இயற்கையென்று கொள்வது கயிற்றைப் பாம்பென்று கொள்வதுபோலும் திரிபுக்காட்சியாம்.

யாழ்ப்பாணத்தில் அம்முடிச்சுக்கள் ஒருகாலத்திற் பலவாயிருந்தன. சட்டத்தின் துணையும் பெற்றிருந்தன. ஒல்லாந்தர் ஆட்சியில் 1707 ஆம் ஆண்டிலே திசாவை கிளாஸ் ஐசாக் என்பவர் தொகுத்த தேசவழமையில், காணி, சீதனம், ஒற்றி முதலியவற்றோடு அடிமைகளைப் பற்றிய விதிகளும் இடம்பெற்றன. ஆங்கிலேயர் 1806 இல் அத்தொகுப்பைச் சட்டமாக ஏற்றனர். அடிமைமுறை இலங்கையில் 1844 இலேதான் முற்றாக நீக்கப்பட்டது. ஏட்டில் நீங்கியது முற்றத்தில் நீங்க நெடுங்காலஞ் சென்றது. இன்னார் தோளிற் சால்வை இடலாகாது, இன்னார் பெண்கள் பொன்னணி பூணலாகாது, இன்னார் வீட்டுச் சாவில் மேளம் ஒலிக்கலாகாது என்ற கட்டுப்பாடுகளை நம் பாட்டன்மார் கண்டிருக்கின்றனர். அவருட் சிலர் விதித்துமிருக்கின்றனர்.

இருக்கையின் கதை தனியே கூறத்தக்கது. கதிரை, வாங்கு என்னும் இரு சொல்லும் போர்த்துக்கேய மொழியிலிருந்து நமக்கு வந்தவை. அதற்குமுன் திண்ணையும் பாயும் தடுக்குமே பெரும்பாலார்க்கு இருக்கை. கடல்கடந்து வந்த ஆசனம் யாவரும் இருக்கவே வந்ததாயினும், நம்மவர் அதனை உடனே ஏணியாக்கிக்கொண்டனர். ஒருவர்க்குக் கதிரை, ஒருவர்க்கு வாங்கு, ஒருவர்க்குப் பாய், ஒருவர்க்கு வெறுநிலம், ஒருவர்க்கு வேலிக்கு அப்புறம். ஏனமும் அவ்வாறே. மேலோர்க்கு மினுக்கிய மூக்குப்பேணி. கூலிக்கு வந்து வேர்த்து நிற்பவர்க்குச் சிரட்டையோ பனையோலைப் பிளாவோ. தண்ணீர் ஒரே கிணற்றுத் தண்ணீர்தான். பெயரிலும் படி வைத்தனர். கந்தசாமி, கந்தையா, கந்தன் என்னும் மூன்றும் முருகப்பெருமான் திருநாமமே. ஆயினும் ஈறு குறையக்குறைய அப்பெயரையுடையவர் நின்ற இடமும் தாழ்ந்தது. பெருமானுக்கே ஈறு குறைத்தார் போலும்!

இவையெல்லாவற்றினும் நுண்ணியதும், இன்னும் அழியாததும், ஆசிரியத் தொழிலினர் பெரிதுங் கவனிக்கவேண்டியதுமாகிய அடையாளம் ஒன்றுண்டு. அது முன்னிலைச்சொல். ஒருவரைப் பன்மைச்சொல்லாற் கூறுதல் உலகவழக்கில் உயர்த்துச் சொல்வதேயன்றி இலக்கணநெறியன்று என்பது தொல்காப்பியர் கொள்கை; கிளவியாக்கத்துட் காண்க. ஆகவே நீ என்பதே ஒருமைக்குரிய நேரிய சொல்; அதில் இழிவு யாதுமில்லை. இழிவை ஏற்றியது வழக்கு. தமிழகத்துப் பேச்சில் இற்றைநாளிற் பெரும்பாலும் இரண்டு படிகளே எஞ்சியுள்ளன. நம்மிடத்து மூன்றும் உயிரோடிருக்கின்றன: நீ, வா, இரு என்பது ஒருபடி, நீர், வாரும், இரும் என்பது ஒருபடி, நீங்கள், வாருங்கோ, இருங்கோ என்பது ஒருபடி. நீர் என்னும் நடுப்படி யாழ்ப்பாணத்தார்க்குத் தனிச்சொத்துப்போன்றது. உடனொத்த உத்தியோகத்தர் தம்முள் வழங்குவதும், கணவர் மனைவியை அழைப்பதும், ஆசிரியர் வளர்ந்த மாணாக்கரை விளிப்பதும் அதனாலேயே. (மனைவியர் கணவரை அச்சொல்லால் திருப்பி அழைப்பதில்லையென்பதையும், 'இஞ்சாருங்கோ' என்று மேற்படியிலேயே நிற்பதையும் வாசிப்போர் தத்தம் வீட்டில் ஓர்ந்துகொள்க.)

படர்க்கையிலும் படியுண்டு. அவன், அவர், அவள், அவ, அவங்கள், அவையள். இதில் ஒரு வேடிக்கை உளது. அவை என்பது செந்தமிழில் அஃறிணைப் பன்மை. மாடுகளையும் மரங்களையுங் குறிக்கும் அச்சொல்லே நம் பேச்சில் மதிப்புக்குரிய மக்களைக் குறிக்க, உயர்திணைக்கே உரிய அவன் என்பதன்வழி வந்த அவங்கள் என்பது மதியாதாரைக் குறிக்கின்றது. இலக்கணத்தில் ஏறியது வழக்கில் இறங்கிற்று, இறங்கியது ஏறிற்று. சொல்லுக்குத் தானே உயர்வு தாழ்வு இல்லையென்பதற்கு இதனினுஞ் சிறந்த சான்று வேண்டுமோ?

இனி, எதிரே நிற்பவர் எப்படியினர் என்று துணிய முடியாதபோது நம்மவர் என்செய்கின்றனர்? தூரத்தே தோன்றுவது குற்றியோ மகனோ என்று ஐயுறுவானைத் தருக்கநூலார் உதாரணங் காட்டுவர். அவ்வையநிலைக்கு நம் ஊர்ப்பேச்சு ஓர் அரிய உபாயம் கண்டுவைத்துள்ளது. நீயுமின்றி, நீருமின்றி, நீங்களுமின்றி, 'எங்கை போறது?', 'எப்ப வந்தது?' என்று வினையைமாத்திரம் நிறுத்தி எழுவாயை விழுங்கிவிடுவர். விழுங்கிய எழுவாய் வெளிவருதற்கு அடுத்த வினா வழிசெய்யும். 'எவடம்?' என்பது அது. ஊர்ப்பெயர் சொன்னால் அமையார். ஊரில் எப்பக்கம், கோயிலுக்குக் கிழக்கோ மேற்கோ, எந்த ஒழுங்கை, ஆருடைய பிள்ளை என்று ஒவ்வொன்றாய் இறங்குவர். குறிச்சியை அறிந்தவுடன் முகத்தில் ஒரு தெளிவு பிறக்கும். அதன்பின் வருஞ் சொற்றொடரில் எழுவாய் வந்து அமரும். அயலூரார் இவ்வினாவை அன்பின் விசாரிப்பென்று கொண்டு மகிழ்வதுண்டு. கேட்கப்பட்ட பிள்ளைகளோ அது யாதென்பதை நன்கறிவர். அவருட் சிலர் பக்கத்துக் குறிச்சியின் பெயரைச் சொல்லித் தப்பிக்கொள்வர்.

முறைப்பெயரும் இவ்வேலையைச் செய்யும். முன்னறியாதவரையும் அண்ணை, அக்கா, தம்பி, ஐயா, அம்மா என்று உறவாக்கி அழைப்பது நம் நாட்டு இனிய வழக்கு. அவ்வினிமை எல்லாரிடத்துஞ் செல்லவில்லை. அடிமை குடிமை என்று ஒதுக்கப்பட்டிருந்த வகுப்பினருள் அறுபதாண்டு நிரம்பிய ஒருவரை, ஆறாண்டு நிரம்பாத பிள்ளை பெயர்சொல்லி 'நீ நாளைக்கு வா' என்று கூறும். அம்முதியவர் அப்பிள்ளையைத் தம்பியென்றும், அதன் தந்தையை நயினாரென்றும், தாயை நாச்சியாரென்றும் அழைப்பர். இவ்வழக்குப் பல ஊர்களில் நெடுநாள் நிலைபெற்றிருந்தது. 'மூத்தோரை மதி' என்று அப்பிள்ளைக்கு வீட்டிற் கற்பித்தவரும், அம்முதியவரிடம் அவ்வாறு பேச விட்டவரும் ஒருவரே. அவ்விரண்டும் ஒன்றோடொன்று முரணுவதைப் பிள்ளை காணவில்லை. மூத்தோர் என்னுஞ் சொல்லின் எல்லைக்குள் அம்முதியவர் அடங்காரென்பதை அது பேச்சினின்றே கற்றுக்கொண்டது.

பாடசாலைக்கு வருவோம். 1927 நவம்பரில் காந்தியடிகள் யாழ்ப்பாணம் வந்து தீண்டாமையைக் கண்டித்துப் பேசினர். அவரை அழைத்தது, 1924 இல் ஹண்டி பேரின்பநாயகம் முதலியோர் தொடங்கிய மாணவர் காங்கிரசு. அதனை அடுத்து, 1929, 1930 ஆம் ஆண்டுகளில், நன்கொடை பெறும் பாடசாலைகளில் எல்லாப் பிள்ளைகளுக்கும் சம ஆசனம் அளித்தல்வேண்டுமென்று அரசினர் பணித்தனர். அதுகாறும் ஒடுக்கப்பட்ட வகுப்புப் பிள்ளைகள் நிலத்திலோ வகுப்பறைக்கு வெளியிலோ இருந்தே கேட்டுவந்தனர். பிள்ளைகள் ஒரு பலகையில் ஒருங்கிருத்தலைப் பொறாது மனுக்கள் எழுந்தன. சில பள்ளிக்கூடங்கள் தீக்கிரையாயின. ஓரடி உயரப் பலகையொன்றன் பொருட்டுச் சரசுவதி வாசஞ்செய்யும் இடத்துக்குத் தீவைக்கும் அளவுக்கு அவ்வடையாளம் அவர்க்கு உயிராயிருந்தது. பலகையின்மேல் ஒப்ப இருந்தால், பார்ப்பவன் எதைக்கொண்டு அளப்பான்? அளவுகோலை இழக்கும் அச்சமே அத்தீயை மூட்டியது.

பலகை ஒப்பாயிற்று. சொல் ஒப்பாயிற்றோ? பலகையை அளக்க இன்ஸ்பெக்டர் வருவார். ஆசிரியர் வாயை அளக்க எவரும் வாரார். ஒரே வகுப்பில் ஒரே நாளில் வீட்டுக்கணக்குச் செய்யாது வந்த இருவருள், ஒருவனை 'ஏன் காணும் செய்யேல்லை?' என்றும், மற்றவனை 'ஏன்ரா செய்யேல்லை?' என்றும் ஓர் ஆசிரியர் வினாவியதை யான் அடுத்த அறையிலிருந்து கேட்டிருக்கின்றேன். இருவருக்குந் தண்டனை ஒன்றே. அவர் வேண்டுமென்று அவ்வாறு கூறினாரல்லர்; நினைந்து கூறியிருந்தால் ஒருகால் திருத்திக்கொண்டிருப்பர். நாப்பழக்கமாய் வந்த சொல் நாற்பது பிள்ளைகளின் செவியில் ஒருங்கே வீழ்ந்தது. இரண்டாவது பிள்ளை கணக்கிற் குறைந்தவனல்லன். அவன் வகுப்பிற் கைதூக்குவதில்லையென்று பின்னர் ஆசிரியர் கூட்டத்தில் அவரே குறைபட்டார்.

யான் இளமையிற் கற்றது கிறித்துவ மிசன் பாடசாலையில். சாதி சைவர்க்கே உரிய நோயென்பதுபோலப் பேசுவாரை அங்குக் கண்டேன். அது சரித்திரத்தோடு பொருந்தாது. 1833 இல் கல்கத்தா அத்தியட்சராகிய டானியேல் வில்சன், தென்னிந்தியத் திருச்சபைகளிற் சாதிவேற்றுமை அறவே ஒழிகவென்று நிருபம் விடுத்தபோது, தஞ்சாவூரிலும் வேப்பேரியிலும் பலர் அதனை ஏலாது பிரிந்துநின்றனர். ஞானஸ்நானம் பெற்றவர்க்கும் பாய் மாறவில்லை. ஆயினும் நீதியாகக் கூறின், நம் பாடசாலைகள் கதவடைத்த நாளிற் பல ஏழைப்பிள்ளைகளுக்கு எழுத்தறிவித்தவர் அவரே. அக்கடனை மறைத்துப் பேசுதல் சைவர்க்கு அழகன்று.

சட்டம் பின்னரும் முடிச்சுக்களை ஒவ்வொன்றாய் அவிழ்த்தது. 1957 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்கச் சமூகக் குறைபாடுகள் தடுப்புச் சட்டம், கோயில், கடை, பாடசாலை, பொதுக்கிணறு முதலியவற்றிற் சாதிபற்றி ஒருவரைத் தடுத்தலைக் குற்றமாக்கியது. 1966 அக்டோபர் 21 ஆந் தேதி சுன்னாகத்திலிருந்து யாழ்ப்பாணத்துக்குத் தீண்டாமைக்கு எதிரான ஊர்வலம் புறப்பட்டது. தேநீர்க்கடைகளில் வேறு பாத்திரம் வைக்கும் வழக்கத்தை எதிர்த்தும் அக்காலத்தே கிளர்ச்சிகள் நிகழ்ந்தன. 1968 இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாயிலில், வழிபட வந்தோரை மறித்து நின்றவர்க்குத் தலைவராயிருந்தவர் முன்னாள் அமைச்சரும் கணிதப் பேராசிரியருமாகிய சி. சுந்தரலிங்கம். அவ்வழக்கு இலண்டன் பிரிவுக் கவுன்சில்வரை சென்றும் அவர்க்கு வெற்றி கிட்டவில்லை. பெருங்கல்வி இத்திரிபுக்காட்சியை நீக்காதென்பதற்கு அவர் வாழ்வு சான்று. கே. டானியல் எழுதிய பஞ்சமர் என்னும் நாவல் முதலியவற்றைக் கற்பார் அக்காலத்து நிலையை மறுபக்கத்திலிருந்து காண்பர்.

ஓர் அடையாளம் அழிந்தால் அளக்கும் மனம் வேறொன்றைத் தேடிக்கொள்கின்றது. சால்வையும் சிரட்டையும் போயின. 'கோழி மேய்த்தாலும் கோறணமேந்தில் மேய்க்கவேணும்' என்று உத்தியோகம் வந்தது. விதானைப் பதவி 1963 இல் ஒழிந்து கிராமசேவகர் வந்தனர்; ஊரார் இன்றும் அவரை விதானையாரென்றே அழைக்கின்றனர். 1983 இன் பின் வெளிநாடு சென்றோர் பெருகவே, எந்நாடு என்பதும் ஓர் அளவுகோலாயிற்று. 1995 அக்டோபர் 30 ஆந் தேதி இரவு வலிகாமத்து மக்கள் அனைவரும், கதிரைக்குரியாரும் நிலத்துக்குரியாரும், ஒரே வீதியில் ஒரே மழையில் நடந்தனர். அன்று எல்லா முடிச்சும் அவிழ்ந்தனவென்று நினைத்தோர் உளர். ஆயின், போர் முடிந்த பின்னரும் முகாம்களில் நெடுங்காலந் தங்கியோருட் காணியற்ற ஒடுக்கப்பட்ட வகுப்பினரே மிகுதியாயிருந்தனர். 2018 ஆம் ஆண்டில், தென்மராட்சி வரணியிலுள்ள ஓர் அம்மன் கோயிலில், மண்ணகழும் இயந்திரத்தைப் பூட்டித் தேரிழுத்தனர். குறித்த சிலர் வடம்பிடித்தலைத் தவிர்த்தற்பொருட்டே அவ்வாறு செய்யப்பட்டதென்று செய்தித்தாள்கள் எழுதின. ஊர்கூடி இழுத்தற்கென்றே அமைந்த தேரை இரும்பு இழுப்பதைக் கண்டு நாணியவர் சிலராயினும் இருந்திருப்பரென்று நம்புகின்றேன்.

அற்றேல், உயர்வு தாழ்வு என்பதே வேண்டாவோ, ஆசிரியரையும் அடியாரையும் வணங்குதல் தகாதோ எனின், அஃதன்று. தானே விரும்பிப் பணிதல் வேறு; பணியவைத்தல் வேறு. திருப்பூந்துருத்தியில் திருஞானசம்பந்தரின் சிவிகையைத் தாங்குவாருள் ஒருவராய், ஆண்டால் மிக மூத்த திருநாவுக்கரசர் மறைந்து தோள்கொடுத்தார். அந்தணப்பிள்ளையை வேளாளர் சுமந்தது வருணமுறையன்றோவென்று இதனையே சான்றாகக் காட்டுவாருமுளர். அவர் கதையைப் பாதியிலே நிறுத்திவிட்டனர். அறிந்தவுடன் பிள்ளையார் சிவிகையினின்றும் பதைத்து இறங்கினார். அன்றியும், அப்பர் என்று நாம் வழங்கும் பெயர் எங்ஙனம் வந்தது? சீகாழியில் அப்பிள்ளை அம்முதியவரை விளித்த விளியன்றோ! ஒரு வருணத்துக் குழந்தை வேறொரு வருணத்து முதியவர்க்கு ஈந்த முறைப்பெயர், அடிகளின் இயற்பெயரினும் மிகுதியாய் இன்று நம் நாவில் நிற்கின்றது. சாத்தமங்கைத் திருநீலநக்கர் தம் மனையின் நடுவே, வேள்விக்குண்டத்தின் அயலில், திருநீலகண்ட யாழ்ப்பாணர்க்கும் அவர் துணைவியார்க்கும் இடங்கொடுத்த வரலாற்றையும் இதனோடு சேர்த்துப் படிக்க.

நீ என்பதை இழிசொல்லென்று முற்றாக விலக்குதலும் பேதைமை. தேவாரமுதலிகள் இறைவனை நீயென்றே விளித்தனர். தாயை நாம் நீயென்போம். சோதனை எளிது: அச்சொல் திரும்பிவர இடமுண்டோ என்று நோக்குக. நண்பர் இருவர் நீ, நீ என்பது அன்பு. ஒருவர் நீ என்ன, மற்றவர் நயினார் என்பது அடக்குமுறை. இவ்வேற்றுமை நமக்கே உரியதுமன்று. 17 ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்திற் குவேக்கர் என்னும் சமயத்தார், கடவுள்முன் யாவரும் ஒப்பரென்று கருதி, பெருமக்களையும் நீதிபதிகளையும் ஒருமைச்சொல்லாலேயே விளித்து, அதனால் அடியும் சிறையும் பெற்றனர். ஆங்கிலமோ பின்னர் ஒருமையைக் கைவிட்டு, எல்லாரையும் பன்மையால் ஏற்றிவிட்டது. சுவீடன் நாட்டில் 1967 இல் சுகாதாரத் திணைக்களத் தலைவர் ஒருவர் தம் ஊழியர் அனைவரையும் ஒருமையால் அழைக்கப்போவதாக அறிவித்தார். சில ஆண்டுகளுள் நாடு முழுதும் அவ்வழி சென்றது. இறக்கி ஒப்பாக்கினும் ஏற்றி ஒப்பாக்கினும் ஒப்பு ஒப்பே.

நமக்கு எது இயையும்? நடுப்படி ஒன்று நம்மிடமே இருத்தலின், ஆறாம் வகுப்புக்கு மேற்பட்ட எல்லா மாணாக்கரையும் நீர் என்றழைத்தல் பொருந்துமென்பது என் துணிபு. அதற்குக் கீழுள்ள குழந்தைகளை நீ என்க. ஆயின் எல்லாரையும் என்க. டாவும் காணும் என்பதும் வகுப்பறைக்கு வேண்டா. வீட்டுக்கு வேலைக்கு வருபவர், மரமேறுபவர், துணிவெளுப்பவர், முடிதிருத்துபவர் யாவராயினும், பிள்ளையின் தந்தைக்கு மூத்தவராயின் பெரியையா, அண்ணை என்னும் முறைப்பெயரும் நீங்களும் உரியனவாகுக. 'வாய் கூசும்' என்பர் சிலர். கூசும், முதற்கிழமை கூசும். அம்முதியவர்க்கும் கூசும், 'என்ன பிள்ளை புதுசாய்க் கதைக்குது' என்று நகைப்பர். ஏடு தொடக்கும் விசயதசமிக்கு முன்னரே பிள்ளை மூன்று முன்னிலைச்சொல்லையும் எவரெவர்க்கு எதுவென்று பிழையறக் கற்றுவிடுகின்றது. ஆகலின் இத்திருத்தம் ஆசிரியர் கையில் அரைவாசியே, மறுபாதி அடுக்களையிலும் முற்றத்திலும் உள்ளது. தாய்மார்க்கு இதனை எடுத்துச்சொல்லும் வகையையும், கோயில்களில் அருச்சனைக்குப் பெயர்கூறும்போதும் உபயகாரரை அறிவிக்கும்போதும் வழங்கும் அடைமொழிகளையும் பற்றி வேறொருமுறை எழுதுவாம்.